ஆல்ஃபா 0.9ஐத் தாண்டிவிட்டது: என் மைண்ட்ஃபுல்னஸ் அளவுகோல் ஏற்புடையது என்று எழுதலாமா?

தூவானம்

வணக்கம் நண்பர்களே. உளவியலில் முனைவர் பட்ட ஆய்வு செய்கிறேன். மைண்ட்ஃபுல்னஸை (இந்த நொடியில் நடப்பதை எடைபோடாமல் கவனிப்பதை) அளக்கும் புதிய அளவுகோல் ஒன்றை உருவாக்கி, அது நல்வாழ்வோடு எப்படித் தொடர்புபடுகிறது என்று பார்ப்பதுதான் தலைப்பு. மொத்தம் 40 கூற்றுகள், ஐந்து புள்ளி லிக்கர்ட் (ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 5 வரை குறிப்பது). பழைய அளவுகோல்களையும் கட்டுரைகளையும் படித்து நானே எழுதியவை. கல்லூரி மாணவர்களிடம் தரவு வாங்கியாகிவிட்டது. கூற்றுகளின் உள்ஒத்திசைவைச் சொல்லும் நம்பகத்தன்மை எண்ணான கிரான்பாக் ஆல்ஃபா 0.9ஐத் தாண்டுகிறது. நல்வாழ்வு மதிப்பெண்ணோடு ஒட்டுறவும் (இரண்டும் சேர்ந்து ஏறி இறங்குவதும்) நன்றாக இருக்கிறது. எந்தக் கூற்றுகள் ஒரே குழுவாகச் சேர்கின்றன என்று பார்க்கும் காரணிப் பகுப்பாய்வில் மட்டும் நான் எதிர்பார்த்த நான்குக்குப் பதிலாக எட்டுக் காரணிகள் வந்து நிற்கின்றன.

இவ்வளவை வைத்துக்கொண்டு 'ஏற்புடைமை நிறுவப்பட்டது', அதாவது அளக்க நினைத்ததைத்தான் இது அளக்கிறது என்று ஆய்வேட்டில் எழுதலாமா? எட்டுக் காரணியை என்ன செய்வது? கேட்ட இடத்திலெல்லாம் ஆளுக்கொரு பதில் வருகிறது.

நெடுவழி

இப்போதைக்கு எழுத முடியாது, தூவானம். ஏன் என்று விரிவாகவே சொல்கிறேன். இந்தக் கேள்வியோடு வரும் பலருக்கும் சிக்கல் இதே இடத்தில்தான்.

முதலில் ஆல்ஃபா. அது கூற்றுகள் ஒன்றோடொன்று எவ்வளவு சேர்ந்து போகின்றன என்பதையும், எத்தனை கூற்றுகள் இருக்கின்றன என்பதையும் பொறுத்தது. உங்கள் கூற்றுகளுக்கிடையே சராசரி ஒட்டுறவு வெறும் 0.15 என்று வைத்துக்கொள்ளுங்கள். அது மிகக் குறைவு. ஆனாலும் 40 கூற்றுகள் இருந்தால் ஆல்ஃபா 0.88க்கு வந்துவிடும். அதே 0.88ஐ ஐந்தே கூற்றில் எட்ட வேண்டுமானால் சராசரி ஒட்டுறவு 0.6 இருக்க வேண்டும். ஆக, நீளமான வினாப்பட்டியலில் ஆல்ஃபா உயர்ந்து நிற்பதைக் கண்டு எதையும் முடிவுசெய்துவிட முடியாது. கூற்றுகள் எல்லாம் ஒரே ஒன்றை அளக்கின்றன என்பதற்குக்கூட அது சான்று இல்லை. நான்கு தனித்தனிக் குணங்களை ஒரே தாளில் கலந்து கேட்டாலும் ஆல்ஃபா உயரும்.

கிரான்பாக் ஆல்ஃபா பற்றிய கட்டுரையை வெளியிட்டது 1951இல். நான்கே ஆண்டு கழித்து, 1955இல், அவரே பால் மீலோடு சேர்ந்து கருத்தமைவு ஏற்புடைமை பற்றி எழுதினார். ஒரு மதிப்பெண்ணுக்கு நாம் கொடுக்கும் பொருளைக் கோட்பாடும் பலவகைச் சான்றுகளும் சேர்ந்துதான் தாங்கிப்பிடிக்க வேண்டும் என்பது அதன் சாரம். ஆல்ஃபா காட்டும் நம்பகத்தன்மை அந்தச் சான்றுகளில் ஒன்று, அவ்வளவுதான்.

அப்புறம் அந்த எட்டுக் காரணி. எஸ்பிஎஸ்எஸ் என்ற புள்ளியியல் மென்பொருளில் எதையும் மாற்றாமல் ஓட்டினீர்களா? அப்படியென்றால் அது முதன்மைக் கூறு பகுப்பாய்வைச் செய்து, ஐகன் மதிப்பு (தரவின் வேறுபாட்டில் எவ்வளவை அது விளக்குகிறது என்ற எண்) ஒன்றுக்கு மேலிருக்கும் எல்லாவற்றையும் காரணி என்று எடுத்துக் கொடுத்திருக்கும். 40 கூற்றுகளுக்கு அந்த விதி தேவைக்கு அதிகமான காரணிகளைத்தான் தரும். ஹார்ன் 1965இல் முன்வைத்த இணைப் பகுப்பாய்வைச் செய்யுங்கள். உங்கள் தரவின் அதே அளவில் தற்செயல் எண்களை உருவாக்கி, அவற்றின் ஐகன் மதிப்புகளைவிடப் பெரிதாக இருக்கும் காரணிகளை மட்டும் வைத்துக்கொள்வது அந்த முறை. காரணிகளைப் படிக்க எளிதாக்கும் சுழற்சிக்கு, அவை தொடர்பற்றவை என்று எடுத்துக்கொள்ளும் வேரிமேக்ஸ் முறை வேண்டாம். மைண்ட்ஃபுல்னஸின் கூறுகள் ஒன்றோடொன்று தொடர்புள்ளவை என்றுதான் கோட்பாடே சொல்கிறது. தொடர்பை அனுமதிக்கும் ஆப்ளிமின் அல்லது புரோமேக்ஸ் எடுங்கள்.

ஆனால் இதெல்லாம் இரண்டாவது வேலை. பதில் சொன்னவர்கள் கூற்றுகளை எப்படிப் புரிந்துகொண்டார்கள் என்று யாரிடமாவது உட்கார்ந்து கேட்டீர்களா?

தூவானம்

மிக்க நன்றி. ஆமாம், எஸ்பிஎஸ்எஸ்ஸில் இருந்தபடியேதான் ஓட்டினேன். கூற்றுகளை மூன்று பேராசிரியர்களிடம் காட்டி ஒப்புதல் வாங்கினேன். பதில் சொன்னவர்களிடம் தனியாக எதுவும் கேட்கவில்லை. அது கட்டாயமா?

ஆறாம்விரல்

நிபுணர் கருத்து பற்றி ஒரு குறிப்பு. 'நன்றாக இருக்கிறது' என்று மூன்று பேர் கையெழுத்துப் போட்டால் போதாது. ஒவ்வொரு கூற்றுக்கும் அது எவ்வளவு பொருத்தம் என்று நான்கு புள்ளியில் மதிப்பிடச் சொல்லி, 3 அல்லது 4 கொடுத்தவர்களின் விகிதத்தைக் கணக்கிட வேண்டும். லின் 1986இல் சொன்ன வழக்கப்படி, நிபுணர்கள் ஐந்து பேரோ அதற்குக் குறைவோ என்றால் எல்லோரும் ஒத்துப்போக வேண்டும். ஆறு பேர் அல்லது அதற்கு மேல் என்றால் 0.78 வரை ஏற்கலாம். மூன்று பேரும் புள்ளியியல் ஆசிரியர்களாக இருந்தாலும் பயனில்லை. தியானம் கற்பிப்பவர் ஒருவராவது இருக்க வேண்டும்.

சிறுகதிர்

தூவானம் அக்கா, நானும் மாணவிதான். கட்டாயமா என்று கேட்டீர்கள். என் பார்வையில் கூற்று எழுதுவதற்கு அடுத்தபடியாக முக்கியமான வேலையே அதுதான். என் ஆய்விலிருந்து ஒன்று சொல்கிறேன்.

'என் உடலில் ஏற்படும் சிறு மாற்றங்களையும் கவனிக்கிறேன்' என்று ஒரு கூற்று வைத்திருந்தோம். ஒருவரை எதிரில் உட்காரவைத்து, மனதில் ஓடுவதை வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே பதில் குறிக்கச் சொன்னேன். அவர் தயக்கமே இல்லாமல் 'எப்போதும்' என்று குறித்தார். என்ன நினைத்துக் குறித்தீர்கள் என்றேன். 'படபடப்பு வந்துவிடுமோ என்று நெஞ்சிலேயே கையை வைத்துக்கொண்டு இருப்பேன், கொஞ்சம் துடிப்பு மாறினாலும் தெரிந்துவிடும்' என்றார். அடுத்து வந்தவர் பல ஆண்டுகளாக விபாசனா தியானம் செய்பவர். வெகுநேரம் யோசித்து 'சில நேரங்களில்' என்று குறித்தார். 'நாளில் பெரும்பகுதி கவனிக்காமலேதான் போகிறது, உட்காரும்போதுதான் தெரிகிறது' என்றார்.

தாளை மட்டும் பார்த்தால் முதலாமவர் 5, இரண்டாமவர் 3. பதற்றத்தில் உடலைக் காவல் காப்பவருக்கு மைண்ட்ஃபுல்னஸ் அதிகம் என்று நம் அளவுகோல் சொல்லிவிடுகிறது. எந்த மென்பொருளும் இதைக் காட்டித் தராது. அந்தக் கூற்றை எடுத்துவிட்டு, கவனிக்கும்போது மனம் என்ன செய்கிறது என்பதையும் பிடிக்கும் வகையில் வேறு கூற்றுகள் எழுதினோம்.

நெடுவழி

சிறுகதிர் சொன்னது தனிப்பட்ட ஒரு நிகழ்வு இல்லை, பெரிய அளவிலேயே கண்டறியப்பட்டிருக்கிறது. ரூத் பேயரும் சக ஆய்வாளர்களும் 2006இல் வெளியிட்ட ஐந்து முக மைண்ட்ஃபுல்னஸ் வினாப்பட்டியலை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கு முன் புழக்கத்தில் இருந்த ஐந்து அளவுகோல்களின் 112 கூற்றுகளையும் ஒன்றாகச் சேர்த்து, 613 மாணவர்களிடம் கொடுத்து, அதிலிருந்து 39 கூற்றுகளைத் தேர்ந்தெடுத்தார்கள். கவனித்தல், விவரித்தல், விழிப்போடு செயல்படுதல், உள்ளனுபவத்தை எடைபோடாதிருத்தல், அதற்கு உடனே எதிர்வினையாற்றாதிருத்தல் என்று ஐந்து முகங்கள். இதில் 'கவனித்தல்' மட்டும் பொதுவான மாணவர்களிடம் மற்ற நான்கோடு சேர்ந்து ஒரே குடையின் கீழ் வரவில்லை. தியான அனுபவம் உள்ளவர்களிடம் பார்த்தபோது பொருந்தியது. அதாவது, கவனிக்கப் பயிலாதவர் கவனிப்பதும் பயின்றவர் கவனிப்பதும் ஒரே எண்ணாகத் தெரிந்தாலும் இரண்டும் ஒன்றில்லை.

மாணவர்களிடம் மட்டும் தரவு வாங்கி அளவுகோலைக் கட்டினால் எங்கே போய் முட்டும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. உங்கள் அளவுகோலைத் தியானம் செய்பவர்களுக்கும் பயன்படுத்தப் போகிறீர்கள் என்றால் அவர்களும் மாதிரியில் இருந்தாக வேண்டும்.

வெண்சங்கு

நான் ஆய்வாளன் இல்லை. நீண்ட காலமாகத் தியானம் பழகி, இப்போது பிறருக்கும் சொல்லித் தருகிறேன். பிள்ளைகள் இவ்வளவு அக்கறையாகப் பேசிக்கொள்வதைப் பார்த்ததும் எழுதத் தோன்றியது.

என்னிடம் வருபவர்களிடம் தொடக்கத்தில் கேட்டால், 'நான் செய்வதையெல்லாம் கவனத்தோடுதான் செய்கிறேன்' என்பார்கள். சில வாரங்கள் உட்கார்ந்த பிறகு அதே ஆள், 'என் மனம் ஒரு நிமிடம்கூட ஒரே இடத்தில் நிற்பதில்லை' என்பார். அவர் பின்னோக்கிப் போகவில்லை. முன்பு கண்ணில் படாதது இப்போது படுகிறது. உங்கள் தாளில் அவருடைய மதிப்பெண் குறைந்திருக்கும். கவனம் இல்லாதவருக்குத் தன்னிடம் கவனம் இல்லை என்பதே தெரியாதே, அவரிடமே கேட்டு எப்படி அளப்பீர்கள்?

நெடுவழி

ஐயா, நீங்கள் சொன்னதற்கு இந்தத் துறையில் 'பதில் நகர்வு' என்ற பெயரே இருக்கிறது. பயிற்சிக்குப் பிறகு ஆளின் உள்அளவுகோலே மாறிவிடுவதால் முன் மதிப்பெண்ணும் பின் மதிப்பெண்ணும் ஒரே கோலால் அளந்தவையாக இருப்பதில்லை. பயிற்சி முடிந்ததும், 'தொடங்கும்போது நீங்கள் எப்படி இருந்தீர்கள் என்று இப்போது தோன்றுகிறது?' என்று மீண்டும் கேட்டுப் பார்ப்பது ஒரு வழி. அதிலும் நினைவுப் பிழையும், முன்னேறிவிட்டோம் என்று காட்டும் ஆசையும் கலக்கும் என்பதால் அதை மட்டும் நம்ப முடியாது.

உங்கள் கடைசிக் கேள்விக்கு முழு விடை கிடையாது. ப்ரௌனும் ரயனும் 2003இல் வெளியிட்ட 15 கூற்று அளவுகோல் இதற்கு ஒரு சாமர்த்தியமான வழி கண்டது. கவனமாக இருக்கிறாயா என்று கேட்காமல், எல்லாக் கூற்றுகளிலும் கவனம் தவறுவதைப் பற்றியே கேட்டார்கள். தவறியதை நினைவுகூர்வது எளிது என்பது வாதம். ஆனால் 'கவனம் அடிக்கடி தவறுவதில்லை' என்பதும் 'மைண்ட்ஃபுல்னஸ் இருக்கிறது' என்பதும் ஒன்றா என்ற கேள்வி அதன் மேல் இன்றுவரை இருக்கிறது.

தன்னறிக்கையைத் தாண்டி நடத்தையாலும் அளக்கப் பார்த்திருக்கிறார்கள். 2014இல் லெவின்சன் குழு மூச்சு எண்ணும் சோதனை ஒன்றைச் செய்தது: முதல் எட்டு மூச்சுக்கு ஒரு பொத்தான், ஒன்பதாவதுக்கு வேறு பொத்தான், மீண்டும் ஒன்றிலிருந்து. எண்ணிக்கை எங்கே தவறுகிறது என்று கணினி பார்த்துக்கொள்ளும். மைண்ட்ஃபுல்னஸ் முழுவதையும் அது அளக்காது. ஆனால் ஆள் சொல்வதற்கு வெளியே ஒரு சான்று கிடைக்கிறது.

ஆறாம்விரல்

எதிர்மறைக் கூற்றுகள் பற்றிப் பேச்சு வந்ததால் சொல்கிறேன். தூவானம், உங்கள் 40இல் எத்தனை எதிர்மறையாக எழுதப்பட்டவை? அந்தக் கூற்றுகளெல்லாம் சேர்ந்து தனிக் காரணியாக வந்திருக்கிறதா என்று பாருங்கள். அப்படி வந்தால் அது உளவியல் கூறாக இருக்க வேண்டிய அவசியமில்லை, வாக்கியம் எழுதிய விதத்தால் வந்ததாகவும் இருக்கலாம். ஐந்து முக வினாப்பட்டியலிலேயே விழிப்போடு செயல்படுதல், எடைபோடாதிருத்தல் என்ற இரண்டு முகங்களின் எல்லாக் கூற்றுகளும் எதிர்மறையானவை. மதிப்பெண்ணைத் திருப்பிப் போட மறக்காதீர்கள். ஓர் எதிர்மறைக் கூற்றைத் திருப்பாமல் விட்டாலும் மற்றவற்றோடு அதன் ஒட்டுறவு எதிர்க்குறியில் நிற்கும், அதை வைத்துக் கண்டுபிடித்துவிடலாம்.

தூவானம்

பார்த்தேன். எட்டில் ஒரு காரணி முழுக்க எதிர்மறைக் கூற்றுகள்தான்! இன்னொன்றில் இரண்டே கூற்றுகள், இரண்டும் கிட்டத்தட்ட ஒரே வாக்கியம். இணைப் பகுப்பாய்வும் ஓட்டினேன், மூன்று காரணிதான் நிற்கிறது. நல்வாழ்வோடு வந்த ஒட்டுறவாவது நிற்குமா?

நெடுவழி

இரண்டு மூன்று கூற்றுகளைப் பகிர முடியுமா? வெளியிடும் முன் எல்லாவற்றையும் போட வேண்டாம்.

தூவானம்

'நெருக்கடியிலும் என் மனம் அமைதியாக இருக்கிறது.'
'நான் செய்யும் வேலையை நிதானமாகவும் மகிழ்ச்சியாகவும் செய்கிறேன்.'
'கசப்பான எண்ணங்கள் வரும்போது அவை எண்ணங்கள்தான் என்று பார்க்க முடிகிறது.'

நெடுவழி

மூன்றாவது நல்ல கூற்று. முதல் இரண்டும்தான் உங்கள் ஒட்டுறவின் ரகசியம்.

'மனம் அமைதியாக இருக்கிறது' என்பது மைண்ட்ஃபுல்னஸ் இல்லை. அதன் விளைவாக வரக்கூடிய ஒன்று. 'மகிழ்ச்சியாக' என்பது நல்வாழ்வு. இரண்டாவது கூற்று ஒரே மூச்சில் இரண்டு கேள்வியும் கேட்கிறது: நிதானமாகச் செய்தும் மகிழ்ச்சி இல்லாதவர் எதைக் குறிப்பார்? இப்போது எதிர்ப் பக்கத்தைப் பாருங்கள். உலக சுகாதார நிறுவனத்தின் ஐந்து கூற்று நல்வாழ்வுச் சுட்டெண்ணில் 'அமைதியாகவும் தளர்வாகவும் உணர்ந்தேன்' என்பதே ஒரு கூற்று. ஆக, மைண்ட்ஃபுல்னஸ் தாளில் அமைதி உண்டா என்று கேட்கிறீர்கள், நல்வாழ்வுத் தாளிலும் அமைதி உண்டா என்று கேட்கிறீர்கள், பிறகு இரண்டும் ஒட்டுகின்றன என்று எழுதுகிறீர்கள். ஒட்டாமல் என்ன செய்யும்? கோட்பாட்டளவில் நீங்கள் கண்டுபிடிக்க விரும்பிய தொடர்பைக் கூற்று எழுதும்போதே உள்ளே வைத்துவிட்டீர்கள். இதை நான் அழுத்திச் சொல்லக் காரணம், இப்படி வந்த ஒட்டுறவை நம்பித்தான் யாரோ ஒருவர் நாளை 'மைண்ட்ஃபுல்னஸ் பயிற்சி எல்லோருக்கும் நல்லது' என்று ஒரு திட்டம் வகுப்பார். அதில் உட்காரப் போகிறவர்கள் நிஜ மனிதர்கள்.

வழி இதுதான். 40 கூற்றையும் எடுத்து, ஒவ்வொன்றும் 'கவனம் எப்படி இருக்கிறது' என்பதைக் கேட்கிறதா, 'அதனால் எப்படி உணர்கிறேன்' என்பதைக் கேட்கிறதா என்று பிரியுங்கள். இரண்டாவது வகையை எடுத்துவிடுங்கள். அப்புறம் மீதியோடு ஒட்டுறவைப் பாருங்கள். குறையும். குறைந்து நிற்பதுதான் உங்கள் உண்மையான முடிவு.

நல்வாழ்வுக்கு எதைப் பயன்படுத்தினீர்கள் என்பதும் முக்கியம். டீனர் குழுவின் 1985 அளவுகோல் ஐந்து கூற்றுகளில் வாழ்க்கை முழுவதையும் பற்றிய திருப்தியைக் கேட்கிறது. கரோல் ரிஃப் 1989இல் முன்வைத்தது தன்னை ஏற்றல், வாழ்வின் நோக்கம், தன்னாட்சி உட்பட ஆறு பரிமாணங்கள். உலக சுகாதார நிறுவனத்தின் சுட்டெண் கடந்த இரண்டு வாரத்தை மட்டும் கேட்கிறது. மூன்றையும் நல்வாழ்வு என்றே அழைக்கிறோம், ஆனால் ஒன்றுக்குப் பதிலாக இன்னொன்றை வைக்க முடியாது.

ஆறாம்விரல்

இங்கே நான் கொஞ்சம் வேறுபடுகிறேன். மைண்ட்ஃபுல்னஸிலிருந்து உணர்வின் சாயலை முழுதாகக் கழுவிவிட முடியுமா? ஏற்றல், எடைபோடாதிருத்தல் எல்லாம் அதன் வரையறைக்குள்ளேயே இருக்கின்றன. அவற்றை எடுத்துவிட்டால் மிஞ்சுவது வெறும் கவனம்தான். கூற்றுகளை வெட்டுவதைவிட, எளிதில் கவலையும் பதற்றமும் கொள்ளும் போக்கு (நியூரோட்டிசிசம்) போன்ற ஆளுமைக் குணம் ஒன்றையும் சேர்த்து அளந்து, அதைக் கட்டுப்படுத்திய பிறகும் தொடர்பு நிற்கிறதா என்று பார்ப்பது நேர்மையான வழி. கேம்ப்பெலும் ஃபிஸ்கேயும் 1959இலேயே இதைச் சொல்லிவிட்டார்கள்: ஒட்ட வேண்டியதோடு ஒட்டுவது மட்டும் போதாது, ஒட்டக் கூடாததோடு ஒட்டாமலும் இருக்க வேண்டும், அதையும் ஒன்றுக்கு மேற்பட்ட முறைகளால் காட்ட வேண்டும்.

நெடுவழி

ஆளுமைக் குணத்தைச் சேர்த்து அளக்க வேண்டும் என்பதில் உங்களோடு முழு உடன்பாடு. ஏற்றலை வெட்டச் சொல்லவில்லை. 'கோபம் வந்ததை விரட்டாமல் பார்த்தேன்' என்பது ஏற்றல், 'கோபமே வரவில்லை' என்பது நலம். அந்தக் கோட்டை மட்டும் காக்கச் சொல்கிறேன். மெல்லிய கோடுதான், ஆனால் இருக்கிறது.

கைவிளக்கு

குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். நான் ஆலோசகர். மைண்ட்ஃபுல்னஸ் பயிற்சி முடித்த ஒருவருக்கு மதிப்பெண் 6 கூடியிருக்கிறது. முன்னேறிவிட்டார் என்று அவரிடம் சொல்லலாமா? அவர் மிகவும் எதிர்பார்த்துக் கேட்கிறார்.

ஆறாம்விரல்

அந்த அளவுகோலின் திட்ட விலக்கமும் (மதிப்பெண்கள் சராசரியிலிருந்து எவ்வளவு விலகிப் பரவியிருக்கின்றன என்பது) மறுசோதனை நம்பகத்தன்மையும் (அதே ஆட்களிடம் மீண்டும் கொடுத்தால் மதிப்பெண் எவ்வளவு ஒத்துப்போகிறது என்பது) வேண்டும். உதாரணத்துக்குத் திட்ட விலக்கம் 10, நம்பகத்தன்மை 0.84 என்று வைத்துக்கொள்வோம். 1லிருந்து 0.84ஐக் கழித்தால் 0.16, அதன் வர்க்கமூலம் 0.4, பத்தால் பெருக்கினால் அளவீட்டின் திட்டப் பிழை 4. இரண்டு அளவீடுகளின் வித்தியாசத்துக்கு அதை இரண்டின் வர்க்கமூலத்தால் பெருக்க வேண்டும்: ஏறக்குறைய 5.7. அதை 1.96ஆல் பெருக்கினால் சுமார் 11. எனவே 11க்கு மேல் மாறினால்தான் அளவீட்டுப் பிழையைத் தாண்டிய மாற்றம் என்று 95 சதவீத உறுதியோடு சொல்லலாம். 6 என்பது எதுவும் நடக்காமலேயே வரக்கூடிய அளவு.

கைவிளக்கு

0.84 நல்ல நம்பகத்தன்மை என்றுதானே இத்தனை நாள் நினைத்திருந்தேன்...

ஆறாம்விரல்

குழுக்களை ஒப்பிட நல்லதுதான். ஒரே ஆளைப் பற்றி முடிவெடுக்கப் போதாது.

வெண்சங்கு

கைவிளக்கு, அவரிடம் எண்ணைச் சொல்வதற்கு முன் எதில் மாற்றம் தெரிகிறது என்று அவரையே கேளுங்கள். வீட்டில், வேலையில், தூக்கத்தில். அவர் சொல்வதும் உங்கள் தாளும் ஒரே திசையில் போகிறதா என்று பாருங்கள்.

நெடுவழி

ஐயா சொன்னதுதான் சரியான வழி. ஒருவரிடம் எதிர்க்குறியில் வந்தாலும் இதையே செய்யுங்கள், கைவிளக்கு. மதிப்பெண் குறைந்துவிட்டது என்று சொல்லி, ஒழுங்காகப் பயின்றவரை மனம் உடைந்து அனுப்பிவிடக் கூடாது.

சிறுகதிர்

ஒரு சந்தேகம். ஏற்கெனவே நல்ல அளவுகோல்கள் இருக்கும்போது தூவானம் அக்கா புதிதாக உருவாக்குவதைவிட ஐந்து முக வினாப்பட்டியலையே தழுவி எடுத்துக்கொண்டால் என்ன?

நெடுவழி

கேட்க வேண்டிய கேள்வி. பழைய அளவுகோல்கள் எதைப் பிடிக்கவில்லை என்று ஒரு பத்தியில் சொல்ல முடிந்தால் புதிது வேண்டும், இல்லையென்றால் தழுவுவதே மேல். ஆனால் தழுவலிலும் வேலை குறையாது. உருவாக்கியவர்களின் அனுமதி, இரண்டு பேர் தனித்தனியாக மொழிபெயர்த்து ஒப்பிடுவது, மூலத்தைப் பார்க்காத ஒருவர் திரும்ப மொழிபெயர்ப்பது, பிறகு நீங்கள் செய்த அதே வாய்விட்டுச் சொல்லும் நேர்காணல். அப்புறம்தான், எதிர்பார்த்த காரணி அமைப்பு தரவோடு பொருந்துகிறதா என்று சோதிக்கும் உறுதிசெய்யும் காரணிப் பகுப்பாய்வு. இரு மொழிக் குழுக்களின் சராசரியை ஒப்பிடப் போகிறீர்கள் என்றால் அளவுகோல் இரண்டிலும் ஒரே விதமாக அளக்கிறது என்ற அளவீட்டு மாறாத்தன்மையையும் காட்ட வேண்டும்: காரணி அமைப்பு ஒன்றா, காரணிச் சுமைகள் (ஒவ்வொரு கூற்றும் காரணியோடு எவ்வளவு இணைந்திருக்கிறது என்பது) ஒன்றா, வெட்டுமதிப்புகள் (கூற்றுகளின் தொடக்க மதிப்புகள்) ஒன்றா என்று படிப்படியாக. கடைசிப் படி தேறாமல் சராசரிகளை ஒப்பிட்டால் அந்த வித்தியாசம் ஆட்களுடையதா கூற்றுகளுடையதா என்று சொல்ல முடியாது.

தூவானம்

எல்லோருக்கும் நன்றி. வழிகாட்டியிடம் பேசிவிட்டேன். விளைவைக் கேட்கும் கூற்றுகளைப் பிரித்ததில் பட்டியல் கணிசமாகச் சுருங்கிவிட்டது. நேர்காணல்கள் செய்யப் போகிறேன், தியானம் செய்பவர்கள், செய்யாதவர்கள் இருவரிடமும். கையில் இருக்கும் தரவை என்ன செய்வது? அதிலேயே உறுதிசெய்யும் பகுப்பாய்வும் செய்துவிடலாமா? நேரம் குறைவு.

நெடுவழி

வேண்டாம். அமைப்பைக் கண்டுபிடித்த அதே தரவில் அதே அமைப்பை உறுதிசெய்தால் அது உறுதிசெய்தல் ஆகாது. பழைய தரவை முன்னோட்ட ஆய்வு என்று வெளிப்படையாக எழுதுங்கள், எந்தக் கூற்றை ஏன் நீக்கினீர்கள் என்ற அட்டவணையோடு. தேர்வாளர்கள் அதைக் குறையாகப் பார்க்க மாட்டார்கள். புதிய மாதிரியில் உறுதிசெய்யும் பகுப்பாய்வு. அமைப்பு தரவோடு எவ்வளவு பொருந்துகிறது என்று காட்டும் சுட்டெண்களுக்கு (CFI, RMSEA, SRMR) ஹூ, பென்ட்லர் 1999இல் சொன்ன 0.95, 0.06, 0.08 எல்லைகளை வழிகாட்டியாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள், 0.94 வந்ததற்காகக் கூற்றுகளை ஒவ்வொன்றாகப் பிடுங்காதீர்கள். அந்தப் புதிய மாதிரியில் ஒரு பகுதியினரிடம் சில வாரம் கழித்து மீண்டும் கொடுத்தால் மறுசோதனை நம்பகத்தன்மையும் கிடைத்துவிடும். தனியாக ஓர் ஆய்வு தேவைப்படாது.

நேர்காணலுக்கு ஒன்று. 'இந்தக் கூற்று புரிந்ததா?' என்று கேட்காதீர்கள், எல்லோரும் புரிந்தது என்றுதான் சொல்வார்கள். 'இதற்கு 4 போட்டீர்களே, எந்த நிகழ்வை நினைத்துப் போட்டீர்கள்?' என்று கேளுங்கள்.

சிறுகதிர்

அக்கா, குரலைப் பதிவு செய்ய ஒப்புதல் படிவத்தில் தனி வரி சேர்த்துவிடுங்கள். நெறிமுறைக் குழு அதை முதலில் கேட்கும். என் நேர்காணல் கேள்விகளின் மாதிரியைத் தனிமடலில் அனுப்புகிறேன்.